ஓகே மாமா ஏன் சிரித்தார்?

அத்தியாயம் 9

போன அத்தியாயத்தில் தயாரிப்பாளரின் அறையை விட்டு வெளியே வந்த நம் இயக்குநர், கார் சாவியை உள்ளேயே விட்டுவிட்டு வந்தார். திரும்பப் போய் எடுக்கவும் தைரியம் இல்லை. நடந்தே வீட்டுக்கு வந்தார்.

தயாரிப்பாளர் கத்தியிருந்தால்கூடத் தேவலை. டீ வரவழைத்து, இயக்குநர் குடித்து முடிக்கும் வரை காத்திருந்து, அப்புறம்தான் சொன்னார். "நாளைக்கு லிஃப்ட் சீன் எடுக்கிறீங்க. சாயங்காலம் ஆறு மணிக்கு எனக்கு அனுப்புங்க. பார்த்துட்டுச் சிரிச்சேன்னா படம் உங்களோடது. சிரிக்கலைன்னா மிச்சத்தை வேற ஒருத்தர் முடிப்பார். தப்பா எடுத்துக்காதீங்க."

இதில் சரியாக எடுத்துக்கொள்ள என்ன இருக்கிறது? இருபத்திரண்டு வருஷம், ஏழு படம், ஏழும் காமெடி. ஐந்தாவதாக வந்த பல் டாக்டர் படத்துக்குத் தியேட்டரில் சீட்டு கிடைக்காமல் ஜனங்கள் படிக்கட்டில் உட்கார்ந்து பார்த்தார்கள். அதற்கப்புறம் வந்த பேய் பங்களா படத்தில் பேய்க்கும் சிரிப்பு வரவில்லை. கால்பந்து படம் அதைவிட மோசமாக ஊத்திக்கொண்டது. இப்போது நடப்பது எட்டாவது.

அந்த 'நாளை'தான் இன்று.

காலையில் இயக்குநர் குளியலறையில் வசனம் பேசிக்கொண்டிருந்தார். வாசலில் கம்பெனி கார் தயாராக நின்றது. முன் சீட்டில் அவருடைய மச்சான், அதாவது மனைவியின் அண்ணன், சலவைச் சட்டை போட்டு ஏறி உட்கார்ந்தாகிவிட்டது. பின் சீட்டில் மகள், மடியில் ஸ்கிரிப்ட் ஃபைலோடு. அப்பாவிடம் அவள் இணை இயக்குநர். எந்த டேக்கில் என்ன நடந்தது என்று குறித்துவைப்பது அவள் வேலை.

மனைவி கார் கண்ணாடி அருகே குனிந்து அண்ணனிடம், "எடுத்துக்கிட்டியா?" என்று கேட்டாள். அவர் சட்டைப் பையைத் தட்டிக் காட்டினார். அவள் நிம்மதியாக உள்ளே போனாள். பையில் இருந்தது மூக்குக் கண்ணாடி மட்டும்.

இந்த மச்சானைப் பற்றிப் புதிதாக வருகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. படப்பிடிப்பில் அவர் பெயர் ஓகே மாமா. சம்பளப் பட்டியலில் அவருக்கு இடமில்லை, ஆனால் அவர் வராமல் கேமரா ஓடாது.

முதல் படத்தின் முதல் நாளில் நம் இயக்குநர் எது சொன்னாலும் யூனிட் முழுக்கச் சிரித்தது. நாற்காலி கேட்டதற்கும் சிரித்தார்கள். மனுஷனுக்குப் பயம் வந்துவிட்டது. அன்றைக்கு அவர் மறந்துவிட்டு வந்த பையைக் கொடுக்க வந்திருந்தார் மச்சான். தையல்கடைக்காரர், முதலாளியும் இல்லை, நடிகரும் இல்லை, யாரையும் குளிர்விக்க வேண்டிய அவசியம் இல்லாதவர். சாயங்காலம் வரை சுவரில் சாய்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். ஒரே ஒரு ஷாட்டுக்கு மட்டும் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். தியேட்டரில் விசில் பறந்தது அந்த இடத்துக்குத்தான்.

மறுநாளே சட்டம் வந்துவிட்டது. செட்டில் அவரைத் தவிர யாரும் சிரிக்கக் கூடாது. மானிட்டருக்குப் பக்கத்தில் அவருக்கு ஒரு ஸ்டூல், சத்தம் பதிவாகாமல் இருக்க வாயில் அடைத்துக்கொள்ள ஒரு துண்டு. அவர் தோள் குலுங்கினால் ஓகே. குலுங்காவிட்டால் இன்னொரு டேக். கடையை மூடிவிட்டு அந்த ஸ்டூலிலேயே உட்கார்ந்துவிட்டார் மனுஷன்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். டேக் ஓடும்போது நம் இயக்குநர் மானிட்டரைப் பார்ப்பதில்லை. காதில் ஹெட்ஃபோன், கண் மச்சானின் தோள்மேல்.

இன்றைய காட்சி இதுதான். அப்பா செத்துப்போய்விட்டதாகப் பொய் சொல்லி ஆபீஸில் லீவு போட்ட ஹீரோ, அதே அப்பாவோடு லிஃப்டில் ஏறுகிறான். நடு மாடியில் லிஃப்ட் நின்றுவிடுகிறது. உள்ளே ஏற்கெனவே மேனேஜர் நிற்கிறார். அப்பா யார் என்று விளக்க வேண்டும். இரண்டு பக்க வசனம்.

முதல் டேக். துண்டு அசையவில்லை.

இயக்குநர் வசனத்தில் நான்கு வரி சேர்த்தார். இரண்டாவது டேக், மூன்றாவது டேக். மச்சான் சுவர்க்கடிகாரத்தைப் பார்ப்பவர்போல உட்கார்ந்திருந்தார். இன்னும் நான்கு வரி. ஆறாவது டேக் முடிந்தபோது இரண்டு பக்கம் மூன்றரைப் பக்கமாகியிருந்தது.

"சார், பழசை மறக்கறதா, புதுசை ஞாபகம் வச்சுக்கறதா? ஏதாவது ஒண்ணு சொல்லுங்க," என்றார் ஹீரோ. சாயங்காலம் நாலு மணிக்கு அவர் விமானம் பிடிக்கக் கிளம்ப வேண்டும். அதற்கப்புறம் இருபது நாள் ஆள் கிடையாது.

ஏழாவது டேக்.

"சார், இவரைப் பார்த்தா எங்க அப்பா மாதிரியே இருக்காரேன்னு நீங்க நினைக்கிறது நியாயம்தான். ஏன்னா..." என்று ஆரம்பித்த ஹீரோவுக்கு மேலே வரவில்லை.

பாஷை தெரியாத படங்களில் நடித்துவிட்டு வந்தவர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. வசனம் மறந்தால் நிறுத்த மாட்டார்கள். ஒன்று, இரண்டு என்று எண்களைச் சொல்லிக்கொண்டே முகபாவத்தை விடாமல் கொண்டுபோவார்கள். டப்பிங்கில் வசனத்தை ஒட்டிக்கொள்ளலாம். ஆனால் இந்தப் படத்தில் டப்பிங் கிடையாது, ஒலி அங்கேயே பதிவாகிறது. ஹீரோவுக்கு அது அந்த நேரத்தில் ஞாபகம் வரவில்லை.

"ஒண்ணு... ரெண்டு... மூணு, நாலு, அஞ்சு..." பன்னிரண்டில் குரல் கம்மியது. பதினேழில் அப்பாவாக நடித்தவரின் தோளைப் பிடித்துக்கொண்டு விசும்பினார். அப்பாவாக நடித்தவர் பழைய நாடகக்காரர், எதற்கும் அசையாதவர். ஒவ்வொரு எண்ணுக்கும் தலையாட்டிக்கொண்டே வந்து, கடைசியில் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இருபத்தி நாலு," என்று முடித்துவைத்தார்.

ஹெட்ஃபோனில் எண்களைக் கேட்ட இயக்குநர் கட் சொல்லக் கையைத் தூக்கியிருந்தார். கை பாதியில் நின்றது.

மச்சானின் தோள் குலுங்கிக்கொண்டிருந்தது.

சாதாரணக் குலுக்கல் இல்லை. ஸ்டூலின் ஒரு கால் தரையை விட்டு எழும்பியது.

"கட்!"

மச்சான் வாயிலிருந்து துண்டை உருவினார். கண்ணில் தண்ணீர். "ஓகே மாப்ளே! வசனம் அள்ளிடுச்சு போங்க!"

ஒலிப்பதிவாளர் ஹெட்ஃபோனைக் கழற்றிப் பார்த்துவிட்டுத் திரும்ப மாட்டிக்கொண்டார்.

"நான் வசனமே சொல்லலையே, சார்," என்றார் ஹீரோ.

இயக்குநரின் முகம் சிவந்தது. "என்ன மச்சான், நக்கலா?"

"ஆமா ஆமா, பிரமாதம்!" என்றார் மச்சான், சிரிப்பு அடங்காமல்.

பதினொன்றரை மணிக்கே சாப்பாட்டு இடைவேளை அறிவிக்கப்பட்டது. சாப்பாடு இன்னும் வந்திருக்கவில்லை.

இயக்குநர் செட்டுக்குப் பின்னால் பிளைவுட் குவியல்மேல் உட்கார்ந்தார். இருபத்திரண்டு வருஷத்தில் மச்சான் அவரைக் கிண்டல் செய்ததே கிடையாது. அப்படியென்றால் தன் வசனத்தைவிட ஒன்று, இரண்டு, மூன்று பரவாயில்லை என்கிறாரா? அதை நேராகச் சொல்லத் தெரியாமல் சுற்றிவளைக்கிறாரா? இல்லை, தனக்குத்தான் ஹெட்ஃபோனில் ஏதோ கோளாறா? தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை.

மகளுக்கு மட்டும் ஏதோ உறுத்தியது. ஸ்டூலில் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்த மாமாவின் முதுகுக்குப் பின்னால் போய் நின்றாள்.

"மாமா."

சுளையை வாயில் போட்டுக்கொண்டார்.

"மாமா, அப்பா படத்தை விட்டுட்டுப் போறாராம்."

அடுத்த சுளை. விதையைப் பொறுமையாகக் கையில் துப்பினார்.

அவள் வெளியே ஓடிவந்து அம்மாவுக்குப் போன் போட்டாள். "அம்மா, மாமாவுக்குக் காது கேக்கலைன்னு நினைக்கிறேன்."

"ஏன், அவன் மெஷினை மாட்டலையா?"

"எந்த மெஷின்?"

"நான் வர்றேன்," என்றாள் அம்மா. கல்யாணமான இத்தனை வருஷத்தில் அவள் படப்பிடிப்புக்கு வருவது இது மூன்றாவது முறை.

மேக்கப் அறையில் நான்கே பேர். கதவைச் சாத்திவிட்டு மனைவி ஒரு சின்ன டப்பாவை மேஜைமேல் வைத்தாள். உள்ளே தோல் நிறத்தில் இரண்டு காது மெஷின்கள்.

"தலையணை உறைக்குள்ள ஒளிச்சு வச்சிருந்தான்," என்றவள், அண்ணன் முகத்துக்கு நேராக வந்து, "முதல்ல இதை மாட்டு," என்றாள். அவர் திருட்டுத்தனம் பிடிபட்டவர்போல மாட்டிக்கொண்டார்.

"எத்தனை நாளா இது?" என்றார் இயக்குநர்.

"நாளா? அஞ்சு வருஷம் ஆகப்போகுது."

"என்கிட்ட ஏன் சொல்லலை?"

"சொல்லியிருந்தா அப்புறம் ஒரு ஷாட்டாவது எடுத்திருப்பீங்களா?"

எடுத்திருக்க மாட்டார். அது அவருக்கே தெரியும். அதனால் கோபம் இன்னும் அதிகமாக வந்தது. விரலை மடக்கி வருஷங்களை எண்ணினார். ஒரு விரலில் வந்து நின்றார்.

"மச்சான், அப்ப பல் டாக்டர் படம்?"

"அதுல ஒரு வார்த்தைகூடக் காதுல விழல, மாப்ளே."

"ஸ்டூல்ல இருந்து கீழ விழுந்து சிரிச்சீங்களே!"

"சிரிச்சேன். சிரிப்பு வந்துச்சு."

"கேக்காம எதுக்குச் சிரிப்பு வந்துச்சு?"

"அது தெரியலையே. அவன் அந்தக் கதவைத் திறக்கிறதும் மூடுறதும்... எனக்கு வந்துச்சு, அவ்வளவுதான்."

இயக்குநர் அறையின் இந்தச் சுவருக்கும் அந்தச் சுவருக்கும் நடந்தார். மூன்று அடிதான் இருந்தது. "சரி. பேய் பங்களா?"

மனைவி குறுக்கே வந்தாள். "அதுக்கு முன்னாடிதான் டாக்டர்கிட்டக் கூட்டிட்டுப் போய் மெஷின் வாங்கிக் கொடுத்தேன்."

"அப்ப பேய் பங்களா, கால்பந்து ரெண்டும்..."

"நல்லா கேட்டுச்சு," என்றார் மச்சான் தரையைப் பார்த்துக்கொண்டு. "மூச்சு விடுறதுகூடக் கேட்டுச்சு."

காது கேட்காமல் சிரித்த படம் ஓடியது. காது கேட்டுச் சிரித்த இரண்டும் படுத்துவிட்டன. இதை வைத்துக்கொண்டு ஒரு மனுஷன் என்ன முடிவுக்கு வருவது? நம் இயக்குநர் மேக்கப் கண்ணாடியைப் பார்த்தார். சுற்றிலும் எரியும் பல்புகளுக்கு நடுவே இருந்த ஆள் அவருக்கே யாரோ மாதிரி இருந்தார்.

"அப்ப உங்க சிரிப்புக்கு ஒரு அர்த்தமும் இல்லையா, மச்சான்? அதை நம்பியா நான் இத்தனை வருஷம்..."

"கேட்டுச்சு மாப்ளே," என்றார் மச்சான் மறுபடி. குரல் தாழ்ந்துவிட்டது. "கேட்டுச்சு, ஆனா சிரிப்பு வரல. வராமலே சிரிச்சேன்."

மகள் ஃபைலை மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"நீங்க என் தோளையே பார்த்துக்கிட்டு இருந்தீங்க. பேய் பங்களாவுல ஒரு நாள் பன்னெண்டு டேக் ஆயிடுச்சு. ரெண்டு வாரமா சரியாச் சாப்பிடல நீங்க. நான் சிரிக்கலைன்னா பதிமூணாவதும் எடுப்பீங்க. சரி, சிரிச்சு வைப்போம்னு தோணுச்சு. ஒரு தடவை சிரிச்சா அடுத்த தடவை சுலபமா வந்துடுது."

யூனிட்டின் சிரிப்பு வேண்டாம் என்றுதானே இவரை உட்காரவைத்தார்? யாரையும் குளிர்விக்க வேண்டியதில்லாத ஒரே ஆள் என்றுதானே? அந்த ஒரே ஆளும் தன்மேல் பாசம் வைத்துப் பொய்யாகச் சிரித்திருக்கிறார். இயக்குநருக்குக் கண் கலங்கிவிட்டது. கோபத்தாலா, வேறு எதனாலா என்று அவருக்குப் பிரித்துப் பார்க்கத் தெரியவில்லை.

"அதுக்கப்புறம் ஏன் மெஷினைக் கழட்டினீங்க?"

"கேட்டா பொய் சொல்ல வேண்டியிருக்கு. கேக்கலைன்னா பொய் சொல்ல வேண்டாம் பாருங்க."

"இன்னைக்கு?"

"இன்னைக்கு நிஜமாவே வந்துச்சு மாப்ளே. அம்மா சத்தியமா."

இதை நம்புவதா? இரண்டு படங்களுக்குப் பொய்ச் சிரிப்புச் சிரித்ததாகச் சொல்பவர் சொல்கிற சத்தியம். நீங்கள் என்றால் நம்புவீர்களா?

கதவு தட்டப்பட்டது. ஹீரோ எட்டிப் பார்த்தார். "சார், மூன்றரைப் பக்கமும் தண்ணிபட்ட பாடு. ஒரு எழுத்து விடமாட்டேன். எடுத்துடலாமா?"

எடுத்தார்கள். எட்டாவது டேக். மச்சான் மேக்கப் அறையிலேயே இருந்துவிட்டார். ஹீரோ சொன்னபடி ஒரு எழுத்துகூட விடவில்லை. கட் சொன்னதும் யூனிட் வழக்கம்போல வாயை மூடிக்கொண்டு நின்றது. இயக்குநரின் கண் தன்பாட்டுக்குப் பக்கத்து ஸ்டூலுக்குப் போனது. அங்கே ஆரஞ்சுத் தோல் கிடந்தது.

ஹீரோ கைகொடுத்துவிட்டு விமானத்துக்குக் கிளம்பினார்.

ஐந்தேகால் மணி. மகள் கையில் இரண்டு டேக். எட்டாவதில் எல்லா வசனமும் உண்டு. ஏழாவதில் ஒன்று முதல் இருபத்து நான்கு வரை உண்டு.

"எதை அனுப்பட்டும்பா?"

"உனக்கு எது பிடிச்சிருக்கு?"

"ஏழாவதுக்கு லைட்மேன் வாயைப் பொத்திக்கிட்டு வெளியே ஓடினார்."

"அவங்க நான் நாற்காலி கேட்டதுக்கே சிரிச்சவங்க. உன்னைக் கேட்டேன்."

"நான் எப்பவும் குனிஞ்சு எழுதிக்கிட்டு இருப்பேன்பா. பார்க்கலை."

அவர் மனைவி பக்கம் திரும்பினார். "நீ ஒரு தடவை பாரேன்."

"வேண்டாங்க."

"ஏன்?"

"இத்தனை வருஷமா ஒரு நாள்கூட என்னை இது சிரிப்பா இருக்கான்னு நீங்க கேட்டதில்ல."

"வருத்தமா உனக்கு?"

"வருத்தமா? நிம்மதியா இருந்தேன். இப்ப நான் சிரிச்சு வச்சேன்னா, சாகிற வரைக்கும் அந்த ஸ்டூல்ல என்னை உட்கார வச்சிடுவீங்க." மானிட்டர் முன்னால் கிடந்த நாற்காலியை அவர் பக்கம் தள்ளினாள். "நீங்க பாருங்க. எடுத்தவர் நீங்கதானே?"

இயக்குநர் உட்கார்ந்தார். தன் படத்தில் ஒரு டேக்கைத் தானே முழுசாகப் பார்ப்பது அவருக்குப் புதிது. ஏழாவதை ஓடவிட்டார். ஹீரோ எண்ணினார், அப்பா தலையாட்டினார், மேனேஜர் கைக்குட்டையை எடுத்தார். முடிந்தது. சிரிப்பு வரவில்லை. மறுபடி ஓடவிட்டார். இந்தத் தடவை பதினேழு வந்தபோது தொண்டையில் ஏதோ ஏறி வந்தது. அது சிரிப்பா அழுகையா என்று தெரிவதற்குள் அடங்கிவிட்டது. எட்டாவதைப் பார்த்தார். எங்கே சிரிக்க வேண்டும் என்று வரிக்கு வரி தெரிந்தது. ஒன்றும் ஏறி வரவில்லை.

ஐந்து ஐம்பது.

"ஏழாவதை அனுப்பு," என்றார்.

"அப்பா, அதுல வசனமே இல்ல. தயாரிப்பாளர், கிண்டல் பண்றீங்களான்னு கேட்பார்."

"கேட்கட்டும்."

"உங்களுக்குச் சிரிப்பு வந்துச்சா?"

"தெரியலம்மா. அனுப்பு."

அனுப்பினாள். லைட்டுகளை ஒவ்வொன்றாக அணைத்துக்கொண்டிருந்தார்கள். லிஃப்டின் மூன்று பிளைவுட் சுவர்களில் ஒன்றை ஏற்கெனவே கழற்றியாகிவிட்டது. மச்சான் காது மெஷினோடு வந்து ஒரு ஓரமாக நின்றார். ஸ்டூலில் உட்காரவில்லை.

ஆறு மணி. ஆறு ஐந்து. அந்த ஐந்து நிமிஷத்தில் இயக்குநர் ஏழு தடவை போனைப் பார்த்தார்.

ஆறு பத்துக்குப் போன் வந்தது. ஸ்பீக்கரில் போட்டார்.

"பார்த்தேன்," என்றார் தயாரிப்பாளர். குரலில் சிரிப்பு இருக்கிறதா என்று நான்கு பேரும் உன்னிப்பாகக் கேட்டார்கள். இருக்கிற மாதிரியும் இருந்தது, இல்லாத மாதிரியும் இருந்தது. "நாலு தடவை பார்த்தேன். ஒண்ணு கேட்கிறேன், உண்மையைச் சொல்லணும். இதை எடுத்தது யாரு?"

"சார்?"

"இருபத்திரண்டு வருஷமா உங்க படம் பார்க்கிறேன். இது நீங்க எடுத்தது இல்ல. யாரு எடுத்தது?"

நாலு தடவை பார்த்தேன் என்றால் பிடித்திருக்கிறது என்று அர்த்தமா? நீங்க எடுத்தது இல்லை என்றால் வேலை போய்விட்டது என்று அர்த்தமா? இயக்குநர் தலையைத் தூக்கினார். வசனத்தை மறந்தவர் விமானத்தில் இருக்கிறார். கேட்காமல் சிரித்தவர் எதிரே நிற்கிறார். அனுப்பியவள் மகள். பார்க்கச் சொன்னவள் மனைவி.

"எனக்கே தெரியல சார்," என்றார். அன்று முழுவதும் அவர் பேசியதில் அது ஒன்றுதான் நிச்சயமான வார்த்தை.

அந்தப் பக்கம் தயாரிப்பாளர் ஒரு பெருமூச்சு விட்டார். "சரி. நாளைக்குக் காலைல பத்து மணிக்கு ஆபீஸ் வாங்க. இதை எடுத்தவங்க யாரோ, அவங்களையும் கூட்டிக்கிட்டு வாங்க. அவங்ககிட்டதான் பேசணும்."

போன் அணைந்தது.

மூன்று பேரும் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். யாரைக் கூட்டிக்கொண்டு போனாலும், மிச்சப் படத்தை எடுக்கப்போவது அவர்கள்தான் என்று இயக்குநர் தானே ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும். தனியாகப் போனாலோ, உள்ளே போய் என்ன சொல்வது?